யாருடைய நிலம், எவ்வளவு நேரம்? – ஜேம்ஸ் பென்னிங்கின் ஆவணப்படங்களை முன்வைத்து



நினைவுப் பேருரைக்கு இப்படியொரு பொருளா என்று அழைப்பிதழைப் பார்த்த சிலர் எங்களிடம் கேட்டார்கள். அமெரிக்க வெள்ளைக்காரர் ஒருவர். ஏரி, ரயில், வானம், வயல் என்று கேமராவை நட்டுவைத்து எடுத்த படங்கள். வசனம் கிடையாது, கதை கிடையாது, பின்னணி இசைகூடப் பெரும்பாலும் கிடையாது. நமக்கும் அதற்கும் என்ன என்ற கேள்வி நியாயமானது. அதை ஒதுக்கிவிட்டுப் பேசப்போவதில்லை.

யாருடைய நினைவாக இங்கே கூடியிருக்கிறோமோ, நாமெல்லாம் அண்ணன் என்றே அழைத்துப் பழகிய அவர், எந்த ஊருக்குப் போனாலும் முதலில் ஊரைச் சுற்றி நடப்பார். அப்போது பேசமாட்டார். பிறகு பையிலிருந்து புலப்பட நகலையும் அ-பதிவேட்டு நகலையும் எடுத்து, கண்ணால் பார்த்ததையும் காகிதத்தில் இருப்பதையும் ஒப்பிடுவார். இரண்டும் எங்கே இடிக்கிறதோ அங்கேதான் நம் சனங்களின் கதை இருக்கும் என்பது அவர் அனுபவம். பென்னிங்கின் படங்களைப் பார்க்கப் பார்க்க அந்த நடையும் அந்தப் பையும்தான் எங்களுக்கு நினைவுக்கு வந்தன. இந்த உரைக்குக் காரணம் அதுதான்.

'எல் வேலி சென்ட்ரோ' என்ற அவருடைய படத்தை மாடி அறையில் வேட்டியைத் திரையாகக் கட்டி ஒரு ஞாயிறன்று போட்டோம். முதல் ஷாட்டில் ஒரு நீர்த்தேக்கம். அதன் நடுவே வட்டமான பெரிய வாய். உபரிநீர் நாலாபுறமிருந்தும் அதற்குள் இறங்கிக்கொண்டே இருக்கிறது. ஒரு நிமிடம் போயிற்று. ஒன்றரை நிமிடம். பின்வரிசையிலிருந்து ஒரு கல்லூரித் தம்பி, "படம் எப்பண்ணே ஆரம்பிக்கும்?" என்றான். எல்லோரும் சிரித்தோம். நடவு, களையெடுப்பு என்று முப்பது வருடம் வயலில் நின்ற ஒரு அக்கா சிரிக்கவில்லை. "ஆரம்பிச்சு ரொம்ப நேரமாச்சு தம்பி. ஏரி நெறஞ்சு வழியுது பாரு" என்றார்.

அந்தத் தம்பி பார்த்தது ஒரு படம் தொடங்குவதற்கு முன் வரும் வெற்றுக் காட்சியை. அக்கா பார்த்தது தண்ணீரை. அது வடக்குக் கலிஃபோர்னியாவின் பெரியெஸ்ஸா நீர்த்தேக்கம். 1957இல் மான்டிசெல்லோ அணை கட்டி முடிக்கப்பட்டபோது அதே பெயர் கொண்ட ஒரு சிற்றூர் அங்கே தண்ணீருக்குள் போனது. படம் இதைச் சொல்லவில்லை. நாங்கள் பிறகு தேடித் தெரிந்துகொண்டோம். சொல்லாமல் காட்டுவது, பிறகு நம்மைத் தேடவைப்பது என்பதுதான் இவருடைய வழி. அது எங்கே நமக்கு உதவுகிறது, எங்கே போதாமல் நிற்கிறது என்பதை இன்று பார்ப்போம்.

பென்னிங் 1942இல் விஸ்கான்சின் மாநிலத்தின் மில்வாக்கி நகரில் தொழிலாளர் குடும்பங்கள் வாழ்ந்த பகுதியில் பிறந்தவர். படித்தது கணிதம். வியட்நாம் போரின்போது, கூட வளர்ந்தவர்கள் பட்டாளத்துக்கு இழுக்கப்படும்போது தான் மட்டும் மாணவன் என்ற சலுகையில் தப்பிப்பது சரியில்லை என்று மேற்படிப்பை விட்டார். கொலராடோவில் இடம்பெயர்ந்து வேலைசெய்யும் பண்ணைத் தொழிலாளர்களின் பிள்ளைகளுக்கு எழுதப்படிக்கச் சொல்லிக்கொடுத்தார். மிசௌரியின் மலைப்பகுதியில் ஏழைகளுக்கு உணவுப்பொருள் வழங்கும் திட்டம் ஒன்றைத் தொடங்க உதவினார். திரைப்படக் கல்விக்கு வந்தது முப்பது வயதுக்குப் பிறகு. 1987 முதல் கலிஃபோர்னியாவின் கால்ஆர்ட்ஸ் கலைக்கல்லூரியில் ஆசிரியர். அங்கே 'பார்த்தலும் கேட்டலும்' என்று ஒரு வகுப்பு நடத்தினார். மாணவர்களை எங்காவது கூட்டிப்போய் விடுவார். பார்க்க வேண்டும், கேட்க வேண்டும். பாடத்திட்டம் அவ்வளவுதான். நம் பல்கலைக்கழகங்களில் இப்படியொரு வகுப்புக்கு அனுமதி வாங்கவே இரண்டு கல்வியாண்டு போய்விடும்!

நிலக்காட்சி என்பது காலத்தின் சார்பு என்பது அவர் திரும்பத் திரும்பச் சொல்லும் கருத்து. கணிதம் படித்தவர் சொல்வதால் 'சார்பு' என்ற சொல்லைக் கணிதப் பொருளில் எடுத்துக்கொள்ள வேண்டும். காலத்தின் மதிப்பு மாறினால் நிலத்தின் மதிப்பும் மாறும். ஒரு நொடி பார்த்தால் ஒரு நிலம், பத்து நிமிடம் பார்த்தால் வேறொரு நிலம். தமிழ் இலக்கியம் படித்த மாணவர்களுக்கு இதில் பெரிய வியப்பு இருக்காது. நிலத்தையும் பொழுதையும் சேர்த்தே முதற்பொருள் என்றது தொல்காப்பியம். ஆனால் திணைக்கு நிலத்தின் பூ தெரியும், பறவை தெரியும், தெய்வம் தெரியும். அந்த நிலத்தின் பட்டா யார் பெயரில் இருக்கிறது என்று அது கேட்டதில்லை. பென்னிங் கேட்கிறார். அதற்குப் பிறகு வருவோம்.

முதலில் அவர் நேரத்தை எப்படி அளக்கிறார் என்று பார்க்க வேண்டும். டிஜிட்டலுக்கு முன்பு அவர் பயன்படுத்தியது 16 மி.மீ. படச்சுருள். நூறடிச் சுருள் நொடிக்கு 24 சட்டகம் என்ற கணக்கில் இரண்டே முக்கால் நிமிடம் ஓடும். நானூறு அடிச் சுருள் பதினொரு நிமிடம். 'எல் வேலி சென்ட்ரோ' (1999), 'லாஸ்' (2000), 'சொகோபி' (2001) ஆகிய மூன்றும் சேர்ந்தது கலிஃபோர்னியா முப்படத் தொகுதி. ஒவ்வொன்றிலும் 35 ஷாட்டுகள், ஒவ்வொரு ஷாட்டும் இரண்டரை நிமிடம். '13 லேக்ஸ்' (2004) என்பது பதின்மூன்று ஏரிகள், ஏரிக்குப் பத்து நிமிடம். அதே ஆண்டின் 'டென் ஸ்கைஸ்' பத்து வானம், வானத்துக்குப் பத்து நிமிடம். ஏறத்தாழ ஒரு சுருள் ஒரு ஷாட். இயக்குநர் தனக்குப் பிடித்ததை நீட்டுவதும் பிடிக்காததை வெட்டுவதும் இங்கே இல்லை. அழகான மலைக்கும் அழுக்கான வாய்க்காலுக்கும் ஒரே படி.

'ஆர்ஆர்' (2007) படத்தில் அவர் இந்த உரிமையையும் விட்டுக்கொடுத்துவிடுகிறார். 43 ரயில்கள். ரயில் சட்டகத்துக்குள் வரும்போது ஷாட் தொடங்கும், அது கடந்து போனதும் முடியும். எவ்வளவு நேரம் என்பதைச் சரக்கு ரயிலின் நீளம் முடிவு செய்கிறது. ஒரு நாடு எவ்வளவு வாங்குகிறது, எவ்வளவு தின்கிறது என்பதைப் புள்ளிவிவரமாகப் படிப்பது வேறு. பெட்டிகள் முடியட்டும் முடியட்டும் என்று கால் மரத்துப்போகக் காத்திருப்பது வேறு. ராணுவமும் ஆயுதத் தொழிலும் கைகோத்து வளர்வது பற்றி ஐசனோவர் பதவி விலகும்போது எச்சரித்த உரையை நடுவே கேட்கவைக்கிறார். அதைக் கேட்கும்போது கண்முன்னே பெட்டிகள் போய்க்கொண்டே இருக்கின்றன.

பிறகு டிஜிட்டலுக்கு மாறினார். சுருளின் எல்லை போய்விட்டது. ஜெர்மனியின் தொழிற்பகுதியில் எடுத்த 'ரூர்' (2009) படத்தின் கடைசி ஷாட் ஒரு மணி நேரம். கல்கரி உலையின் கோபுரம் ஒன்று. சில நிமிடங்களுக்கு ஒருமுறை கொதிக்கும் கரியின்மேல் தண்ணீர் விட, கோபுரம் முழுதும் ஆவி பொங்கி அடங்குகிறது. பொழுது சாய்கிறது. அதே படத்தில் ஒரு காட்டுக் காட்சி. மேலே விமானம் போகிறது. போய்ச் சில நொடிகளுக்குப் பிறகுதான் இலைகள் நடுங்குகின்றன. காரணம் போய்விட்டது, விளைவு பின்னால் வருகிறது. வழக்கமான ஆவணப்படமாக இருந்தால் விமானம் மறைந்ததும் காட்சியை வெட்டியிருப்பார்கள், இலை நடுங்கியதை யாரும் பார்த்திருக்கமாட்டார்கள். வன்கொடுமைச் செய்திகளைப் பத்திரிகைகள் எப்போது வெட்டுகின்றன என்று யோசித்துப் பாருங்கள். எரிந்த குடிசையைப் படம் எடுப்பார்கள். ஆறு மாதம் கழித்து அந்தக் குடும்பத்துக்கு யாரும் வேலை கொடுக்காமல் இருப்பதைப் படம் எடுக்க ஆள் இருக்காது.

காலத்தை அவர் இன்னொரு விதமாகவும் கையாண்டிருக்கிறார். 1977இல் 'ஒன் வே பூகி வூகி' என்று ஒரு படம் எடுத்தார். அறுபது ஷாட், ஷாட்டுக்கு ஒரு நிமிடம், மில்வாக்கியின் ஆலைகள் நிறைந்த பள்ளத்தாக்கில். இருபத்தேழு ஆண்டுகள் கழித்து அதே இடங்களுக்குத் திரும்பிப்போய், முடிந்தவரை அதே ஆட்களை நிறுத்தி, அதே அறுபது ஷாட்டுகளை மறுபடி எடுத்தார். ஒலியை மட்டும் மாற்றவில்லை. 1977இன் ஓசை 2004இன் காட்சியின்மேல் ஓடுகிறது. மூடிக்கிடக்கும் ஆலையின்மேல் பழைய இரைச்சல். ஆலை போனது கண்ணுக்குத் தெரிகிறது, ஆனால் காது இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை. வேலையிழந்த மனிதனின் நிலையை இதைவிடச் சுருக்கமாகக் காட்ட முடியுமா என்று தெரியவில்லை.

ஆனால் இங்கே நாம் ஒரு கேள்வியை எழுப்பியே ஆக வேண்டும். அது மெனாமனி பள்ளத்தாக்கு. அதற்கு வடக்கே கறுப்பின மக்கள் வாழ்ந்தார்கள், தெற்கே போலந்து வழிவந்த வெள்ளைத் தொழிலாளர்கள். நடுவே பதினாறாம் தெருவின் நீண்ட பாலம். ஆப்பிரிக்காவையும் போலந்தையும் இணைக்கும் உலகின் மிக நீளமான பாலம் என்று உள்ளூரில் கேலியாகச் சொல்வார்கள். 1967 ஆகஸ்டில், வீடு வாங்கவும் வாடகைக்கு எடுக்கவும் நிறம் பார்க்கக்கூடாது என்ற சட்டம் கேட்டு, கறுப்பின இளைஞர்களும் கத்தோலிக்கப் பாதிரியார் ஜேம்ஸ் குரோப்பியும் அந்தப் பாலத்தைக் கடந்து தெற்கே நடந்தார்கள். மறுபக்கம் ஆயிரக்கணக்கான வெள்ளையர்கள் கல்லும் பாட்டிலும் எறிந்தார்கள். ஊர்வலம் நிற்கவில்லை. இருநூறு இரவுகள் தொடர்ந்து நடந்தது.

பத்து ஆண்டுகள் கழித்து அதே பள்ளத்தாக்கில் எடுத்த படத்தில் செங்கல் சுவர், புகைபோக்கி, நிறுத்திய கார் எல்லாம் இருக்கின்றன. நிறங்கள் அழகு, கோடுகள் அழகு, நகைச்சுவைகூட உண்டு. இந்தப் பள்ளம் ஒரு நகரத்தை இரண்டாகப் பிரித்தது என்பது மட்டும் இல்லை. எல்லைக்கோட்டையே படம் எடுத்துவிட்டு, அது எல்லை என்று சொல்லாமல் போகலாமா? எங்கள் கருத்தில் அது குறைதான். பிறகு வந்த 'ஃபோர் கார்னர்ஸ்' (1997) அந்தக் குறையை ஓரளவு சரிசெய்கிறது என்று நினைக்கிறோம். நான்கு ஓவியர்களின் கதையைச் சொல்லும் அந்தப் படத்தில் மோனே இருக்கிறார், ஜாஸ்பர் ஜான்ஸ் இருக்கிறார். அவர்களுக்குச் சமமாக, அலபாமாவின் கறுப்பின ஓவியர் மோசஸ் டாலிவரும் இருக்கிறார். வேலை செய்யும் இடத்தில் கால்கள் நசுங்கி நடக்க முடியாமல் போன பிறகு தூரிகை பிடித்தவர் அவர். அந்தப் படத்தில் நிலத்தின் வரலாற்றை ஒரு குரல் வாய்விட்டுச் சொல்கிறது. பென்னிங்கின் மில்வாக்கியும் வருகிறது, பூர்வகுடிகளிடமிருந்து நிலம் கைமாறியதும் வருகிறது. சும்மா பார்த்தால் எல்லாம் தெரிந்துவிடும் என்று அவரே நம்பவில்லை என்பதற்கு அது சாட்சி.

இனி, மறுபடி 'எல் வேலி சென்ட்ரோ'வுக்கு வருவோம். கலிஃபோர்னியாவின் மையப் பள்ளத்தாக்கு ஏறத்தாழ 720 கிலோமீட்டர் நீளம். அமெரிக்கா தின்னும் காய்கனிகளில் பெரும்பங்கு அங்கே விளைகிறது. பருத்தி, திராட்சை, பாதாம், தக்காளி. அதன் டெலானோ நகரில்தான் 1965 செப்டம்பர் 8 அன்று பிலிப்பினோ திராட்சைத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் தொடங்கினார்கள். சில நாட்களில் சீசர் சாவேசும் டொலோரஸ் ஹுவெர்த்தாவும் வழிநடத்திய மெக்சிகோ வழித் தொழிலாளர்கள் சேர்ந்துகொண்டார்கள். முதலாளிகள் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட 1970 ஆகிவிட்டது.

படத்தில் இந்த வரலாறு ஒரு வரிகூட வராது. வருவது வாய்க்கால், மருந்து தெளிக்கும் விமானம், வயலுக்கு நடுவே போவதுபோல் தோன்றும் கப்பல், எண்ணெய்க் கிணறு, புழுதி, குனிந்து வேலைசெய்யும் ஆட்கள். ஒவ்வொன்றுக்கும் இரண்டரை நிமிடம். இந்தச் சம அளவு எங்களைக் கொஞ்சம் உறுத்தியது. எண்ணெய்க் கம்பெனிக்கும் இரண்டரை நிமிடம், முதுகு ஒடிய வேலைசெய்கிறவருக்கும் இரண்டரை நிமிடம் என்றால் அது என்ன சமத்துவம்? 1949 நவம்பர் 25 அன்று அரசியல் நிர்ணய சபையில் அம்பேத்கர் எச்சரித்தது இந்த முரண்பாட்டைத்தான். அரசியலில் எல்லோருக்கும் ஒரே மதிப்பு, சமூகத்திலும் பொருளாதாரத்திலும் ஏற்றத்தாழ்வு என்ற நிலைக்குள் நாம் நுழைகிறோம் என்றார். அளவுகோல் சமமாக இருப்பதால் அளக்கப்படுகிறவர்கள் சமமாகிவிடமாட்டார்கள்.

பென்னிங் இதற்குப் பதில் வைத்திருக்கிறார். ஆனால் 35 ஷாட்டும் முடிந்த பிறகுதான் அது வருகிறது. கடைசியில் ஓடும் பெயர்ப் பட்டியலில், ஒவ்வொரு ஷாட்டும் என்ன, எந்த இடம், அந்த நிலம் யாருக்குச் சொந்தம் என்று வரிசையாக எழுதிக் காட்டுகிறார். தனி விவசாயியின் பெயரைத் தேடிப் பிடிக்க வேண்டியிருக்கிறது. திரும்பத் திரும்ப வருபவை நிறுவனங்களின் பெயர்கள்.

மாடி அறையில் அந்தப் பட்டியல் ஓடியபோதுதான் முதல்முறையாக எல்லோரும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். "இது சிட்டா அடங்கல்ல" என்றார் அதே அக்கா. ஆமாம், அதுதான். ஒன்றரை மணி நேரம் வெட்டவெளி என்றும் இயற்கை என்றும் நாம் பார்த்துக்கொண்டிருந்தது எல்லாம் ஒருவருடைய சொத்து. பட்டியலை முதலிலேயே போட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று அன்று இரவு நெடுநேரம் விவாதித்தோம். முதலில் தெரிந்திருந்தால் ஒவ்வொரு ஷாட்டையும் குற்றப்பத்திரிகையாகப் படித்திருப்போம் என்றார்கள் சிலர். பின்னால் தெரிந்ததால் அழகு என்று மயங்கிய நம் கண்ணையே சந்தேகிக்க வேண்டியதாயிற்று என்றார்கள் வேறு சிலர். எங்களுக்கு இரண்டாவது கட்சிதான் சரி என்று படுகிறது. ஏமாந்தது நம் கண் என்று தெரியும்போது பாடம் ஆழமாக இறங்குகிறது.

நம் கிராமங்களை எவ்வளவு காலமாக இந்த மயங்கிய கண்ணால் பார்க்கவைத்திருக்கிறார்கள்! ஆலமரம், குளம், கோபுரம், பச்சை வயல். நாட்காட்டி முதல் சினிமாப் பாட்டு வரை இதே சட்டகம். 1948 நவம்பர் 4 அன்று அம்பேத்கர் கிராமத்தைப் பற்றிப் பேசியபோது எத்தனை பேருக்குக் கோபம் வந்தது என்று நமக்குத் தெரியும். கிராமத்தின் திசையும் ஒரு சட்டம் என்று அவர் தன் எழுத்தில் காட்டினார். தீண்டப்படாதவர்களின் குடியிருப்பு ஊருக்கு வெளியே, அதுவும் அமங்கலத் திசையான தெற்கே இருக்க வேண்டும் என்பது விதி. ஊரின் நிலக்காட்சி இயற்கையாக அமைந்ததே கிடையாது. அதை ஒருவர் வரைந்திருக்கிறார்.

காகிதத்துக்கும் நிலத்துக்கும் உள்ள இடைவெளியும் நமக்குப் புதிதில்லை. 1891இல் செங்கல்பட்டு ஆட்சியர் ட்ரெமென்ஹீர் எழுதிய அறிக்கையும், அதையொட்டி 1892 முதல் ஒதுக்கப்பட்ட பஞ்சமி நிலமும் பதிவேட்டில் இருக்கின்றன. நேரில் போய்ப் பார்த்தால் அங்கே வேறொருவரின் தோப்பு இருக்கும், ஆலை இருக்கும், மனைப்பிரிவின் கொடிகள் பறக்கும். 1994இல் செங்கல்பட்டுக்குப் பக்கத்தில் காரணையில் அந்த நிலத்தைக் கேட்டதற்காக இரண்டு உயிர் போனது. பென்னிங் தன் பட்டியலில் சட்டப்படியான உரிமையாளரின் பெயரைத்தான் எழுதுகிறார். நாம் எடுக்கும் படத்தின் பட்டியலில் குறைந்தது மூன்று பத்தி வேண்டும். யாருக்கு ஒதுக்கியது, யார் பெயரில் இருக்கிறது, யார் கையில் இருக்கிறது.

பெயர் மட்டும் சொன்னால் போதுமா என்று கேட்டால், '13 லேக்ஸ்' படத்தைப் பார்க்க வேண்டும். பாதித் திரை தண்ணீர், பாதி வானம். நடுவே தொடுவானம். பத்து நிமிடம். பிறகு கொஞ்சம் இருட்டு, அடுத்த ஏரி. இப்படிப் பதின்மூன்று முறை. விளக்கக் குரல் இல்லை. பலர் இதைத் தியானம் என்று எழுதுகிறார்கள். அந்தச் சொல்லைக் கேட்டாலே எங்களுக்கு எச்சரிக்கை வந்துவிடுகிறது.

பதின்மூன்றில் ஒன்று ஃப்ளோரிடாவின் ஓகீச்சோபி ஏரி. 1928 செப்டம்பர் 16 இரவு புயலில் அதன் தெற்குக் கரையில் இருந்த தாழ்வான மண் அணை உடைந்தது. குறைந்தது 2,500 பேர் இறந்தார்கள். அவர்களில் மிகப் பெரும்பான்மையினர் அந்தத் தாழ்ந்த நிலத்தில் காய்கறி பறிக்க வந்திருந்த கறுப்பினப் பண்ணைத் தொழிலாளர்கள். பிணங்களைச் சேர்க்கும் வேலைக்கும் உயிர்பிழைத்த கறுப்பினத்தவரையே கட்டாயப்படுத்தினார்கள். சவப்பெட்டிகள் போதவில்லை. இருந்தவை வெள்ளையர்களுக்கு. வெஸ்ட் பாம் பீச் நகரில் 674 கறுப்பின உடல்கள் ஒரே குழியில் போடப்பட்டன. வெள்ளையர்களின் இடுகாட்டில் நினைவுக்கல் வைக்கப்பட்டது. அந்தக் குழிக்கு மட்டும் பல பத்தாண்டுகள் ஒரு கல்லும் கிடையாது. செத்த பிறகும் தனி இடம், தனி வழி என்பது நமக்கு யாரும் விளக்க வேண்டிய செய்தி இல்லை. இந்த வெள்ளத்தை வைத்துத்தான் ஸோரா நீல் ஹர்ஸ்டன் 1937இல் வெளிவந்த தன் நாவலின் முடிவுப் பகுதியை எழுதினார்.

இது தெரிந்த கண்ணுக்கு அந்தப் பத்து நிமிடத் தண்ணீர் தியானமாக இருக்க முடியாது. ஒவ்வொரு அலையும் கரையை நோக்கி வருகிறது. தெரியாத கண்ணுக்கு அது ஒரு ஏரி. படம் இருவரையும் ஒரே மாதிரி உட்காரவைக்கிறது. நாங்கள் இதைக் குறையாகவும் சொல்லவில்லை, நிறைவாகவும் சொல்லவில்லை. பென்னிங் நேரத்தைக் கொடுக்கிறார். அந்த நேரத்துக்குள் எதைக் கொண்டுவந்து வைப்பது என்பது பார்க்கிறவர் கையில் இருக்கிறது. நாம் வெறுங்கையோடு போனால் வெறுங்கையோடு திரும்புவோம்.

இன்னொரு ஏரி லூசியானாவின் பாண்ட்சர்ட்ரெய்ன். படம் வந்தது 2004. 2005 ஆகஸ்ட் 29 அன்று கத்ரீனா புயலில் அந்த ஏரியிலிருந்து நியூ ஆர்லியன்ஸ் நகருக்குள் நீளும் கால்வாய்களின் தடுப்புச் சுவர்கள் உடைந்தன. வேறு கால்வாய்களும் உடைந்தன. நகரத்தில் ஐந்தில் நான்கு பங்கு மூழ்கியது. கார் இல்லாததால் வெளியேற முடியாமல் கூரைமேல் நின்றவர்களில் பெரும்பாலோர் ஏழைக் கறுப்பினத்தவர். 2004இல் எடுத்து முடித்த ஷாட்டில் ஒரு சட்டகம்கூட மாறவில்லை. ஆனால் 2005க்குப் பிறகு அதைப் பழையபடி பார்க்க எவராலும் முடியாது. நிலம் காலத்தின் சார்பு என்றால் படம் முடிந்த பிறகு ஓடும் காலமும் அந்தக் கணக்கில் சேரும்.

இவ்வளவு சொன்ன பிறகு, பெயர்ப் பட்டியலை எவ்வளவு நம்பலாம் என்பதையும் அவரே கேட்டுவிட்டார். 1975இல் பெட் கார்டனுடன் சேர்ந்து காரின் பின்னிருக்கையில் கேமரா வைத்து, நியூயார்க்கிலிருந்து லாஸ் ஏஞ்சலஸ் வரை போய் 'த யுனைடெட் ஸ்டேட்ஸ் ஆஃப் அமெரிக்கா' என்ற படத்தை எடுத்திருந்தார். 2022இல் அதே பெயரில் இன்னொரு படம். ஐம்பது மாநிலங்கள், தலைநகர், புவெர்ட்டோ ரிக்கோ என்று 52 ஷாட்டுகள், அகரவரிசையில். ஒவ்வொன்றுக்கும் முன்னால் ஊரின் பெயரும் மாநிலத்தின் பெயரும் எழுதியிருக்கும். பார்த்துக்கொண்டே போகிறோம். கடைசியில் தெரிகிறது, எல்லாமே கலிஃபோர்னியாவில் எடுத்தவை. எழுதியிருந்தால் நம்பிவிடுகிறோம். 'அரசு புறம்போக்கு' என்று எழுதிய பலகைக்குப் பின்னால் மூன்று தலைமுறையாக மக்கள் குடியிருந்த தெருக்களை நாம் பார்த்திருக்கிறோம் அல்லவா?

கடைசியாக, மாணவர்கள் அடிக்கடி கேட்கும் ஒரு கேள்வி. இப்படி நின்று நிதானமாகப் பார்ப்பது வசதியானவர்களின் வேலை இல்லையா? பாதி உண்மை. பென்னிங் காரை எடுத்துக்கொண்டு தனியாகப் போகிறார், முக்காலியை நிறுத்துகிறார், பத்து நிமிடம் நிற்கிறார். வெள்ளை ஆணாக இருப்பதால் அவருக்கு அந்த வெளி பெரும்பாலும் திறந்திருக்கிறது. நம் பிள்ளைகள் ஒரு வரப்பில் பத்து நிமிடம் சும்மா நின்றால் என்ன நடக்கும்? ஆனால் பார்ப்பதற்கான நேரம் நமக்கு இல்லை என்பதும் முழு உண்மை இல்லை. ரேஷன் கடையில், தாலுகா ஆபீஸில், அரசு மருத்துவமனையில், பேருந்து நிறுத்தத்தில் மணிக்கணக்காக நின்று பார்த்தவர்கள் நாம். நம் பார்வைக்குப் பஞ்சமில்லை. அதை யாரும் பார்வை என்று எண்ணியதில்லை, அவ்வளவுதான்.

அதனால் ஒரு பயிற்சி செய்து பார்த்தோம். ஆறு மாணவர்கள், ஆளுக்கொரு செல்ஃபோன். தங்கள் ஊரில் ஒரு இடத்தைத் தேர்ந்து, அசைக்காமல் பத்து நிமிடம் எடுக்க வேண்டும். பேசக்கூடாது, பாட்டு சேர்க்கக்கூடாது. கடைசியில் ஒரு அட்டை. அதில் புல எண், பட்டாதாரர் பெயர், அனுபவத்தில் இருப்பவர் பெயர். இரண்டு பேர் குளத்தை எடுத்து வந்தார்கள், அழகாக இருந்தது, அதற்குமேல் ஒன்றுமில்லை. ஒருவன் ஃபோன் நான்காம் நிமிடத்தில் அணைந்துவிட்டது.

ஒரு மாணவி சுடுகாட்டுக்குப் போகும் வழியை எடுத்திருந்தாள். இரண்டு பக்கமும் வயல். நடுவே வரப்பு அளவுக்குக் குறுகிப்போன பாதை. முதல் ஐந்து நிமிடம் கொக்கு, காற்று, தூரத்தில் டிராக்டர் சத்தம். ஆறாம் நிமிடம் சட்டகத்துக்கு வெளியே ஒரு பைக் வந்து நிற்கும் ஓசை. "யாரும்மா நீ? எந்தத் தெரு?" என்று ஒரு ஆண்குரல். அவள் பதில் சொல்லவில்லை, பயிற்சியின் விதிப்படி. "இங்க என்ன படம் எடுக்கற?" மறுபடி மௌனம். பைக் போகவில்லை. அணைக்காத எஞ்சின் மீதி நாலு நிமிடமும் ஓடிக்கொண்டே இருக்கிறது. பாதை அப்படியே கிடக்கிறது. கொக்கு மட்டும் எழுந்து போய்விட்டது.

அந்தப் படத்தைத்தான் இந்த உரைக்குப் பிறகு இங்கே திரையிடப்போகிறோம். கடைசி அட்டை மட்டும் காலியாக இருக்கும். புலப்படத்தில் அந்தப் பாதை பத்தடி அகலப் பொதுவழி. நேரில் இரண்டடி. மீதி எட்டடி யார் அனுபவத்தில் இருக்கிறது என்று கேட்டு அவள் மனு கொடுத்திருக்கிறாள். ஒப்புகைச் சீட்டு வந்திருக்கிறது, பதில் இன்னும் வரவில்லை.